அளவு ஜாக்கெட்

2019 ஆடி மாதம். ஆடியில் முகூர்த்தம் கிடையாது, அதனால் ஜாக்கெட் தைப்பவளுக்கும் வேலை கிடையாது. மெஷினைத் திறந்து, பல்லுக்கு அடியில் அடைந்து கிடந்த நூல் பிசிறையெல்லாம் எடுத்துவிட்டு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தேன். கடலூர் மஞ்சக்குப்பத்தில் எங்கள் வீட்டு முன்னறைதான் என் கடை. என் தங்கை பாண்டிச்சேரியில் ஒரு கம்பெனியில் கணக்கு எழுதுகிறாள். அங்கேயே ரூம் எடுத்துத் தங்கி, சனிக்கிழமை சாயங்காலம் பஸ் ஏறி வருவாள். எனக்கும் அவளுக்கும் பன்னிரண்டு வயது வித்தியாசம். வீட்டில் எல்லோருக்கும் அவள் பாப்பா. இங்கேயும் பாப்பா என்றே எழுதுகிறேன். ஏன் என்பது போகப் போகத் தெரியும்.

அம்மா ஒரு மாப்பிள்ளை போட்டோவை என்னிடம் கொடுத்து, "நீ சொன்னா கேப்பா" என்று சொல்லியிருந்தாள். நெய்வேலியில் வேலை. நல்ல முகம். பாப்பா அந்தப் போட்டோவைக் கவிழ்த்து வைத்துவிட்டு, டப்பாவில் கலந்து கிடந்த கொக்கிகளைப் பெரிசு சின்னதாகப் பிரித்துக்கொண்டே சொன்னாள்: "அக்கா, எனக்கு ஆம்பளைங்க மேல அந்த மாதிரி எதுவும் வர்றதில்ல. பொண்ணுங்க மேலதான் வருது. ரெண்டு வருஷமா ஒருத்திய புடிச்சிருக்கு."

என் வாயிலிருந்து வந்த முதல் கேள்வி, "எவனாவது உன்ன ஏமாத்திட்டானா?"

அடுத்தது, "ஃபோன்ல கண்டதையும் பாத்து வந்ததா?" அதற்கும் அடுத்தது, "ஹாஸ்டல்ல யாராவது கெடுத்துட்டாங்களா?"

பாப்பாவுக்குக் கோபம் வரவில்லை. "எட்டாவது படிக்கும்போதே தெரியும்க்கா. அப்ப நம்ம வீட்டுல இருந்தது ஒரு பட்டன் ஃபோன். அதுவும் அப்பா சட்டைப் பாக்கெட்ல" என்றாள்.

அந்த மூன்று கேள்விகளையும் பிற்பாடு எத்தனையோ ராத்திரி பிரித்துப் பார்த்திருக்கிறேன். மூன்றும் ஒரே கேள்விதான்: உன்னை யார் இப்படி ஆக்கியது? அப்படி ஒருத்தரும் கிடையாது. வளர்ப்பில் ஏதோ தப்பு நடந்து இப்படி ஆகிறது என்பதற்கு ஆதாரம் இல்லை, ஒருவரைப் பார்த்து இன்னொருவருக்குத் தொற்றுவதும் இல்லை. பல சங்கதிகள் சேர்ந்து அமைவது, இன்ன ஒன்றுதான் காரணம் என்று தனியாக எடுத்துக் காட்ட முடியாது என்றுதான் படித்தவர்கள் சொல்கிறார்கள். நான் ஏழாவது படிக்கும்போது எதிர்வீட்டு அண்ணன் சைக்கிள் பெல் கேட்டால் ஜன்னலுக்கு ஓடுவேன். எனக்கு அதை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

"சரி, மாமாகிட்டகூட சொல்லாதக்கா" என்று சொல்லிவிட்டு பாப்பா பஸ்ஸுக்குக் கிளம்பினாள்.

அன்று ராத்திரியே சொன்னேன். புருஷனிடம் எதையும் ஒளிக்கக்கூடாது என்று சொல்லிச் சொல்லி வளர்த்தார்கள், மனசுக்குள் வைத்துக்கொள்ளவும் முடியவில்லை. இரண்டு சாக்கும் கைவசம் இருந்தன. "சத்தியமா யார்கிட்டயும் மூச்சு விடாதீங்க" என்றேன். அவர் கெட்டவர் இல்லை. நான் அவரிடம் இறக்கி வைத்த மாதிரி அவர் தன் அக்காவிடம் இறக்கி வைத்தார். பெரிய நாத்தனார் பண்ருட்டியில் ஒரு வளைகாப்பில் எங்கள் அம்மாவைப் பார்த்தார்கள். ஒன்பதாம் நாள் பாப்பா ஆபீசில் உட்கார்ந்திருக்கும்போது அம்மாவிடமிருந்து ஃபோன். எதிரே மானேஜர் இருக்கிறார், பாப்பா எதுவும் பேச முடியாமல் "ம்... ம்..." என்று கேட்டுக்கொண்டே இருந்திருக்கிறாள்.

அதற்குப் பிறகு ஏழு மாதம் அவள் என்னோடு பேசவில்லை.

இதை எழுத உட்கார்ந்ததே இந்த ஒரு விஷயத்துக்காகத்தான். உங்கள் பிள்ளையோ தம்பியோ சிநேகிதியோ வந்து இப்படி ஒன்றைச் சொன்னால், அதை உங்களிடம் கொடுத்து வைத்திருக்கிறார்கள் என்று அர்த்தம். அடகுக் கடையில் வைத்த நகையை எடுத்துக் கடைக்காரர் போட்டுக்கொண்டு கல்யாணத்துக்குப் போனால் எப்படி இருக்கும்? கேட்க வேண்டியது இரண்டே கேள்வி. இது இன்னும் யாருக்குத் தெரியும்? யாருக்குத் தெரியக்கூடாது? அந்த இரண்டைக் கேட்டிருந்தால் நடுவில் வந்த கூத்து ஒன்றும் நடந்திருக்காது. செய்தி கசிந்ததால் வேலை போனவர்கள், வீட்டு ஓனர் காலி பண்ணச் சொன்னவர்கள், சொந்த அண்ணன் கையால் அடிபட்டவர்கள் என்று பாப்பாவுக்கே நாலைந்து பேரைத் தெரியும். எங்கள் வீட்டில் அடி விழவில்லை. வேறு ஒன்று நடந்தது.

அம்மா முதலில் பாடலீஸ்வரருக்கு நேர்ந்துகொண்டாள். அது பரவாயில்லை, சாமி யாரையும் ஒன்றும் செய்யமாட்டார். பிறகு யாரோ ஒரு டாக்டரைச் சொன்னார்கள். ஊரும் பெயரும் வேண்டாம். "ஹார்மோன் கோளாறு, ஆறு மாசத்துல சரி பண்ணிடலாம், கல்யாணம் ஆனா மீதியும் சரியாயிடும்" என்றார். முதல் நாளே 1,500 ரூபாய். அம்மா ராத்திரியெல்லாம் அழுகிறாளே என்று பாப்பா நாலு தடவை போய்வந்தாள். ஆட்டோவில் எனக்கும் அவளுக்கும் நடுவில் அம்மா உட்கார்ந்திருப்பாள். பாப்பா வெளியே பார்த்துக்கொண்டு வருவாள். கொடுத்த மாத்திரையைப் போட்டால் கண்ணைத் திறக்க முடியாது. ஒரு ஞாயிற்றுக்கிழமை என் கட்டிங் டேபிளிலேயே தலையைச் சாய்த்து, வாயோரம் எச்சில் வழியத் தூங்கினாள். கன்னத்துக்கடியில் வெட்டிப்போட்ட பட்டுத் துணி. அந்தத் துணி யாருடையது, என்ன கலர் என்றுகூட ஞாபகம் இருக்கிறது.

அவளுடைய சிநேகிதி பாண்டியில் ஒரு ஆஸ்பத்திரியில் லேப் டெக்னீஷியன். அவள் மூலமாகத்தான் உண்மையான மனநல மருத்துவர் ஒருவர் கிடைத்தார். 2020 ஜனவரி, பொங்கல் கழிந்த வாரம். அவர் சீட்டுகளையெல்லாம் வாங்கிப் பார்த்துவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு அம்மாவிடம், "இது வியாதியே இல்லம்மா" என்றார். அமெரிக்க மனநல மருத்துவர்கள் 1973லேயே இதை வியாதிப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டார்கள், உலக சுகாதார நிறுவனம் 1990 மே 17ல் எடுத்தது, நம் நாட்டு மனநல மருத்துவர் சங்கமும் இது நோய் இல்லை என்று சொல்லியிருக்கிறது என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். அம்மா கேட்டாள், "அப்ப அந்த டாக்டர் எதுக்கு மாத்திரை குடுத்தாரு?" இவர் அதற்குப் பதில் சொல்லவில்லை. மாத்திரையை ஒரேயடியாக நிறுத்த வேண்டாம், இந்த இந்தக் கணக்கில் குறைத்துக்கொண்டு வாருங்கள் என்று எழுதிக் கொடுத்தார். அப்புறம் அம்மா பக்கம் திரும்பி, "நீங்க ராத்திரி தூங்குறீங்களா?" என்று கேட்டார். அம்மா அங்கேயே உடைந்து அழுதாள். அந்த அறையில் வைத்தியம் தேவைப்பட்டது அவளுக்குத்தான்.

அந்த முதல் டாக்டர் செய்தது இன்றைக்கு வெளிப்படையான தப்பு. 2021 ஜூன் 7ல் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ் கொடுத்த உத்தரவில், பாலீர்ப்பை, அதாவது யார் மேல் ஈர்ப்பு வருகிறது என்பதை, மாற்றுகிறேன் என்று வைத்தியம் செய்வதே கூடாது, செய்தால் மருத்துவரின் உரிமத்தில் கை வைக்க வேண்டும் என்று இருக்கிறது. 2022 ஆகஸ்டில் தேசிய மருத்துவ ஆணையமும் இப்படி வைத்தியம் செய்வது தொழில் ஒழுக்கக் கேடு என்று மாநில மருத்துவ கவுன்சில்களுக்கு எழுதியது. எனவே "மாத்திடலாம்" என்று எந்த டாக்டராவது சொன்னால், அந்த வார்த்தை காதில் விழுந்ததும் எழுந்து வெளியே வந்துவிடுங்கள். சீட்டையும் பில்லையும் மட்டும் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். நாங்கள் கோபத்தில் கிழித்துப் போட்டோம். புகார் கொடுக்கலாம் என்று பிறகு தோன்றியபோது கையில் ஒரு காகிதமும் இல்லை.

மார்ச் வந்தது. 21ஆம் தேதி சனிக்கிழமை வழக்கம்போல் வந்த பாப்பா திரும்பிப் போக முடியவில்லை. மறுநாள் மக்கள் ஊரடங்கு, அதற்கு மூன்றாம் நாள் நாடே மூடிவிட்டது. முள்ளோடையில் பாண்டிக்காரர்கள் தடுப்புப் போட்டுவிட்டார்கள், இந்தப் பக்கம் நம் போலீஸ். இருபத்துச் சொச்சம் கிலோமீட்டர்தான், ஒரு மணி நேர பஸ். ஆனால் அது தனி யூனியன் பிரதேசம், பாஸ் வேண்டும். "சிநேகிதியைப் பார்க்கணும்" என்று எழுதினால் யார் பாஸ் கொடுப்பார்கள்? புருஷன் பெண்டாட்டி என்றால் ஒரு காரணம் எழுதலாம். பாப்பாவுக்கு எழுத ஒரு வரி கிடையாது.

எனக்கு அப்போது மாஸ்க் தைக்கிற வேலை. ஜாக்கெட்டுக்கு வாங்கி வைத்திருந்த டூ பை டூ துணியையும் லைனிங்கையும் வெட்டி, எலாஸ்டிக் தீர்ந்துபோனதால் நாடா வைத்து, ஒரு நாளைக்கு நூறு நூற்றைம்பது தைப்பேன். ஒரு மத்தியானம் பாப்பா வந்து பக்கத்தில் உட்கார்ந்து நாடா வெட்டிக் கொடுக்க ஆரம்பித்தாள். பேச்சில்லை. ஒரு இருபது முப்பது நாடா வெட்டியிருப்பாள். பிறகு, "அக்கா, அவ ஆஸ்பத்திரியில மாஸ்க் பத்தலையாம். கொஞ்சம் தைச்சுக் குடுப்பியா?" என்றாள்.

"எத்தன?"

"ஐம்பது போதும். அதுல அவளுக்குன்னு ஒரு பத்து மட்டும் அளவு குறைச்சுத் தை. அவளுக்கு முகம் சின்னது. மத்ததெல்லாம் கண்ணு கிட்ட வந்து இடிக்கும்."

எட்டு மாதமாக எங்கள் வீட்டில் அந்தப் பெண் ஒரு "விஷயம்". "அந்த விஷயம் என்னாச்சு", "அந்த விஷயத்த பேசாத." அன்றைக்குத்தான் அதற்கு ஒரு முகம் இருக்கிறது, அதுவும் சின்ன முகம் என்று எனக்கு உறைத்தது. மூக்கிலிருந்து தாடை வரை எவ்வளவு என்று கேட்டேன். பாப்பா தன் விரலை வைத்து அளந்து காட்டினாள், யோசிக்கவே இல்லை. அரை இஞ்சு குறைத்து வெட்டினேன். ஒரு காய்கறி வண்டிக்காரர் கையில் கொடுத்தனுப்பினோம். ரெண்டு நாள் கழித்து அந்தப் பெண் மாஸ்க்கோடு எடுத்த போட்டோ வந்தது. கண் மட்டும்தான் தெரிந்தது. அளவு சரியாக இருந்தது.

எனக்குக் குழப்பம் தீர்ந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். எங்கள் பக்கத்து ஆட்களுக்கு இதில் ஒரு தனிக் குழப்பமே உண்டு. கூவாகம் எங்களுக்குத் தூரம் இல்லை. இப்போது கள்ளக்குறிச்சி மாவட்டம் என்கிறார்கள். எங்கள் பாட்டி காலத்தில் எல்லாம் ஒரே தென்னார்க்காடு ஜில்லா, கடலூர்தான் தலைநகரம். சித்திரையில் திருநங்கைகள் கூத்தாண்டவருக்குத் தாலி கட்டிக்கொள்வதும், அரவான் களப்பலிக்குப் பிறகு தாலி அறுத்து வெள்ளை கட்டுவதும் சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்த கதை. அதனால் கொஞ்சம் வேறு மாதிரி இருந்தால் எல்லோரையும் தூக்கி அந்தப் பெட்டியில் போட்டுவிடுவோம். அம்மா பாப்பாவைக் கேட்டே விட்டாள்: "நீ ஆம்பளையா மாறப்போறியா?"

2022ல், கொரோனாவுக்காக இரண்டு வருஷம் நின்றுபோயிருந்த திருவிழா மறுபடி நடந்தது. அதற்கு முன்னால் என்னிடம் வழக்கமாகத் தைக்கும் திருநங்கை அக்கா ஒருவர் ரெண்டு ஜாக்கெட் கொடுக்க வந்தார். அளவு எடுத்துக்கொண்டே, "தெரிஞ்ச பொண்ணு ஒருத்தி" என்று ஆரம்பித்தேன். இந்தத் தடவை ஊர், உறவு எதையும் விடவில்லை. கற்றுக்கொண்டிருந்தேன். அவர் சிரித்தார். "இதுல என்னம்மா குழப்பம்? நான் யாருங்கறது ஒண்ணு. எனக்கு யாரைப் புடிக்குங்கறது இன்னொண்ணு. நான் பொம்பள. எனக்குப் புடிக்கறது ஆம்பள. அந்தப் பொண்ணும் பொம்பளதான், பொம்பளையாவே இருக்கட்டும், அவளுக்குப் புடிக்கறது பொம்பள. என்னைய மாதிரி பொறந்து பொம்பளையையே விரும்பறவளும் இருக்கா. நீ என்ன, மார்பு சுத்தளவையும் கை நீளத்தையும் ஒரே நம்பரா எழுதுவியா?"

நோட்டில் அவர் அளவை எழுதிக்கொண்டிருந்தேன். ரெண்டு வரி, ரெண்டு நம்பர். மூன்று வருஷமாகப் புரியாதது அங்கே புரிந்துவிட்டது.

இதற்குள் இன்னும் எத்தனை விதம் இருக்கிறது என்பது அந்தக் காரைக்கால் பொண்ணைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. (பாப்பாவின் சிநேகிதிதான். அவள் சொந்த ஊர் காரைக்கால். எங்கள் வீட்டில் அதுதான் அவள் பெயராகிவிட்டது. இதை எழுதலாமா என்று அவளிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன்.) தேவனாம்பட்டினம் பீச்சில் சுண்டல் தின்றுகொண்டே, காலேஜில் தனக்கு ஒரு பையனைப் பிடித்திருந்தது என்று சாதாரணமாகச் சொன்னாள். எனக்கு வயிற்றைக் கலக்கியது. தனியாக பாப்பாவிடம், "இவளுக்கு ரெண்டும் புடிக்குமாடி? அப்ப நாளைக்கு ஒருத்தனைத் தேடிப் போயிட்டா?" என்றேன்.

"மாமா உன்னைப் பொண்ணு பாக்க வர்றதுக்கு முன்னாடி விருத்தாசலத்துல ஒரு பொண்ணைப் பாத்து ஓகே சொன்னாரே. நாளைக்கு அங்க போயிடுவாரா?"

அதற்குமேல் நான் வாயைத் திறக்கவில்லை. சிலருக்கு எதிர்பால் மேல் மட்டும் ஈர்ப்பு, சிலருக்குத் தன்பால் மேல் மட்டும், சிலருக்கு இரண்டு மேலும். யார் மேலும் அந்த வகை ஈர்ப்பே வராதவர்களும் உண்டு, அவர்களுக்கும் ஒரு குறையும் இல்லை. ஆல்பிரட் கின்சி என்கிற அமெரிக்கர் 1948லேயே இதை ரெண்டு டப்பாவாகப் பிரிக்காமல் 0 முதல் 6 வரை ஒரு அளவுகோலாகப் போட்டிருக்கிறார் என்று காரைக்கால் பொண்ணு சொன்னாள். எனக்கு அந்த டேப் பிடித்திருந்தது. எங்கள் சித்தி ஒருத்தி கடைசிவரை கல்யாணமே வேண்டாம் என்று இருந்து, போன பிறகு ஊர் வாய்க்கு வந்ததைப் பேசியது. அவள் எந்த எண்ணில் இருந்தாள் என்று நான் இப்போது எதையும் எழுதமாட்டேன். உயிரோடு இருந்தபோது யாரும் அவளைக் கேட்கவில்லை.

சொல் விஷயத்தில் எனக்குக் குட்டு விழுந்திருக்கிறது. பேப்பரில் போடுவது மாதிரி "ஓரினச்சேர்க்கை" என்றேன். பாப்பாவுக்கு அந்தச் சொல் ஆகவே ஆகாது. "சேர்க்கைன்னு சொன்னா எல்லாருக்கும் படுக்கைதான் கண்ணுக்கு வருது. அவளுக்குக் காய்ச்சல்னா நான் கஞ்சி வைக்கிறேன், மாசக் கடைசியில ரெண்டு பேரும் சில்லறையைக் கொட்டி எண்ணுறோம். அதுக்கெல்லாம் என்ன பேரு?" தன்பாலீர்ப்பு என்பது அவளுக்குச் சம்மதம். உயர்நீதிமன்றம் கேட்டு, தமிழ்நாடு அரசே 2022 ஆகஸ்டில் மரியாதையான சொற்களின் பட்டியல் ஒன்றை அரசிதழில் வெளியிட்டது. பட்டியலெல்லாம் மனப்பாடம் ஆக வேண்டியதில்லை. அவர்கள் தங்களை எப்படிச் சொல்லிக்கொள்கிறார்களோ அப்படியே சொன்னால் போதும்.

2022 ஆவணியில் பெரிய சண்டை. பெரியப்பா ஒரு வரன் கொண்டுவந்து, நாள் குறிக்கிறவரை போய்விட்டார். "கட்டி வெச்சா எல்லாம் சரியாயிடும்" என்பதுதான் பேச்சு. நான் அப்பாவிடம் ஒரே ஒரு தடவை குரலை உயர்த்தினேன்: "அந்தப் பையன் என்ன பாவம் பண்ணான்?" அதை யாரும் யோசித்தே இருக்கவில்லை. ஒன்றும் தெரியாமல் வந்து மாட்டிக்கொண்டு, பெண்டாட்டிக்குத் தன்னைப் பிடிக்கவில்லை, ஏன் என்று தெரியவில்லை என்று இருபது வருஷம் தவிக்கப்போகிற ஒருத்தன். அப்பா பதில் சொல்லவில்லை. ஆனால் நாள் குறிப்பதும் நிற்கவில்லை. பாப்பா கிளம்பிவிட்டாள். கிளம்பும்போது ஆதார், மார்க் ஷீட், பான் கார்டு, பாஸ்புக் எல்லாம் ஒரிஜினல் கையோடு. அதை ஒரு மாதம் முன்பே ஒவ்வொன்றாக என் கடையில் துணிக்கட்டுக்கு நடுவில் கொண்டுவந்து வைத்திருந்தாள். வீட்டில் நெருக்கடி வரும் என்று தோன்றினால் இதைத்தான் முதலில் செய்ய வேண்டும்.

அப்பா காணவில்லை என்று போலீஸில் எழுதிக் கொடுத்தார். எந்த ஸ்டேஷன் என்று சொல்லப்போவதில்லை. பாப்பாவுக்கு அப்போது 27 வயது. நான் மேலே சொன்ன அதே 2021 தீர்ப்பு இங்கே கைகொடுத்தது. அதுவே மதுரையிலிருந்து சென்னைக்கு ஓடிவந்த இரண்டு பெண்களின் வழக்குதான். வயது வந்த இருவர் தங்கள் விருப்பப்படி சேர்ந்து இருக்கிறார்கள் என்று தெரிந்தால், வாக்குமூலம் வாங்கிக்கொண்டு, தொல்லை கொடுக்காமல் புகாரை முடித்துவிட வேண்டும் என்று அதில் இருக்கிறது. இந்தச் சமூகத்தினரைத் தொந்தரவு செய்யக்கூடாது என்று 2022ல் போலீஸ் நடத்தை விதியிலும் சேர்த்துவிட்டார்கள். உதவிக்கு வந்த வக்கீல் அம்மா தீர்ப்பைப் பிரிண்ட் எடுத்துக் கொண்டுவந்திருந்தார். அப்படியும் ஒரு அதிகாரி ரெண்டு மணி நேரம் புத்திமதி சொன்னார், "எங்க வீட்டுப் பொண்ணா இருந்தா..." என்று. பாப்பா தலை குனிந்து கேட்டுவிட்டு, "சார், எங்க கையெழுத்து போடணும்?" என்றாள். போட்டுவிட்டு வெளியே வந்தாள்.

அந்தத் தீர்ப்பில் எனக்கு மிகவும் பிடித்தது சட்டம் இல்லை. அந்த நீதிபதி, இந்த விஷயம் தனக்கே சரியாகப் புரியவில்லை என்று ஒப்புக்கொண்டு, ஒரு உளவியலாளரிடம் உட்கார்ந்து கேட்டுத் தெரிந்துகொண்ட பிறகுதான் தீர்ப்பு எழுதினார். ஐகோர்ட் ஜட்ஜே கேட்டுத் தெரிந்துகொண்டிருக்கிறார். எங்கள் பெரியப்பாவுக்கு எல்லாம் முன்கூட்டியே தெரியும்.

வெளியே டீக்கடையில் வக்கீல் அம்மா ஒரு வேடிக்கை சொன்னார். பிரெஞ்சுக்காரர்கள் 1791லேயே இதைக் குற்றப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டார்கள். இங்கிலீஷ்காரன்தான் 1860ல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் இதைக் குற்றமாக்கும் 377ஆம் பிரிவை எழுதி நம் தலையில் கட்டினான். அந்தச் சட்டம் பாண்டிக்கு நீட்டிக்கப்பட்டதே 1963 அக்டோபர் 1ல்தான். அப்படியென்றால் அதுவரை கடலூரில் ஜெயில், முள்ளோடை தாண்டினால் ஒன்றுமில்லை! பிறகு இரண்டு ஊருக்கும் சேர்த்து அது 55 வருஷம் இருந்தது. 2009ல் டெல்லி உயர்நீதிமன்றம் எடுத்தது, 2013ல் உச்ச நீதிமன்றம் திரும்ப வைத்தது, 2018 செப்டம்பர் 6ல் அதே உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள், மனமொத்த பெரியவர்களுக்கு இது குற்றமில்லை என்று ஒருமனதாகச் சொன்னார்கள். 2024 ஜூலையில் வந்த புதுச் சட்டத்தில் அந்தப் பிரிவே கிடையாது.

குற்றமில்லை என்றால் கல்யாணம் உண்டா? இல்லை. 2023 அக்டோபர் 17ல் உச்ச நீதிமன்றம் அதற்கு ஒப்புக்கொள்ளவில்லை. அன்றைக்கு பாப்பா லீவு போட்டுவிட்டு டி.வி. முன்னால் உட்கார்ந்திருந்தாள். சாயங்காலம் எனக்கு ஃபோன் செய்து, "அக்கா, அந்த பச்சை சுடிதாருக்கு லைனிங் போட்டியா?" என்று மட்டும் கேட்டாள். இந்த ஊர் தீர்ப்புதான் கொஞ்சம் ஆறுதல்: 2025 மே மாதம், வீட்டில் அடைத்துவைத்திருந்த ஒரு பெண்ணை அவள் இஷ்டப்படி போக விட்ட வழக்கில், கல்யாணம் ஒன்றுதான் குடும்பம் ஆவதற்கு வழி என்று இல்லை, தானே தேர்ந்தெடுத்துக்கொள்ளும் குடும்பமும் உண்டு என்று சென்னை உயர்நீதிமன்ற நீதிபதிகள் சொன்னார்கள்.

கல்யாணத்துக்குச் சட்டம் இடம் கொடுக்கும்வரை காகிதத்தில் செய்ய முடிந்ததை இருவரும் செய்து வைத்திருக்கிறார்கள். ஜாயின்ட் அக்கவுண்ட் தொடங்கலாம், துணையை நாமினியாகப் போடலாம், தடை ஒன்றும் இல்லை என்று 2024 ஆகஸ்டில் மத்திய நிதி அமைச்சகம் தெளிவாகச் சொல்லிவிட்டது. பாங்க் கவுண்டரில் "என்ன உறவு?" என்று கேட்டபோது காரைக்கால் பொண்ணு "ஃப்ரெண்ட்" என்று எழுதினாள், வேலை முடிந்தது. உயில் எழுதிப் பதிவு செய்திருக்கிறார்கள். ஆஸ்பத்திரியில் யாரைக் கேட்பது என்பதற்கு ஒரு கடிதம் எழுதி ஆளுக்கொரு பிரதி வைத்திருக்கிறார்கள். மனநல சிகிச்சைக்கு 2017 சட்டத்திலேயே, நமக்காக முடிவெடுக்க நாம் நம்புகிற ஒருவரை நியமித்துக்கொள்ளலாம், அவர் சொந்தக்காரராக இருக்க வேண்டியதில்லை. வீடு பிடிப்பதில் மட்டும் கஷ்டமே இருக்கவில்லை. முத்தியால்பேட்டையில் ஓனர் அம்மாவுக்கு ரெண்டு பொண்ணுங்க என்றதும் ஏக சந்தோஷம். "பசங்க யாரும் வரக்கூடாது" என்று ஒரே ஒரு கண்டிஷன் போட்டார். அதைச் சொல்லிச் சொல்லி இருவரும் இன்னமும் சிரிக்கிறார்கள்.

அப்பா இன்னும் பேசவில்லை. பாப்பா வந்தால் பேப்பரை எடுத்துக்கொண்டு மொட்டைமாடிக்குப் போய்விடுவார். அம்மா மாதம் ஒரு தடவை கருவாடும் முறுக்கும் கட்டிக் கொடுப்பாள், எப்போதும் ரெண்டு பேர் தின்கிற அளவுக்கு. ஆனால் "ரெண்டு பேருக்கும்" என்று சொன்னதில்லை.

போன தீபாவளிக்கு முன்னால் அம்மா கடைக்கு வந்து ரெண்டு ஜாக்கெட் துணி வைத்தாள். ஒன்று பாப்பாவுக்கு. இன்னொன்று மாம்பழ மஞ்சளில், எவ்வளவு விலை குறைத்துக் கொடுத்தார்களோ தெரியாது, கண்ணைப் பறிக்கிற கலர். "இது யாருக்கும்மா?"

"அந்தக் காரைக்கால் பொண்ணுக்கு. அளவு ஜாக்கெட் இருக்குதா உன்கிட்ட?"

இல்லை. அவள் புடவையே கட்டுவதில்லை. பேன்ட்டும் சட்டையும்தான், விசேஷம் என்றால் ஒரு சுடிதார். அம்மாவிடம் அதைச் சொல்லவில்லை. ஃபோன் போட்டேன். பாப்பா எடுத்து, விழுந்து விழுந்து சிரித்துவிட்டு அவளிடம் கொடுத்தாள். "கலர் எப்படிக்கா இருக்கு?" என்றாள். உள்ளதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் சத்தம் இல்லை. "தைச்சு வைங்கக்கா. கட்டிக்கிறேன். கை மட்டும் முட்டி வரைக்கும் வைங்க. கழுத்து மூடி" என்றாள்.

"அளவு?"

"ஞாயித்துக்கிழமை வர்றேன். நீங்களே எடுத்துக்கோங்க."